நடிகை இயக்குநராகும்போது: டெல்டாவில் ஒரு சுயாதீனப் படம் எடுக்க முழுமையான வழிகாட்டி

பதினோரு ஆண்டுகள் அண்ணியாகவும் அக்காவாகவும் நடித்தேன். கடைசி இரண்டு ஆண்டுகள், என்னைவிட நான்கே வயது இளைய கதாநாயகனுக்கு அம்மாவாக. காலையில் உதவி இயக்குநர் கொண்டுவந்து தரும் சீன் பேப்பரில் எனக்கு நான்கு வரி இருக்கும். பின்பக்கம் வெற்றாக இருக்கும். ஷாட்டுக்கு அழைக்கும்வரை அந்த வெற்றுப் பக்கத்தில் எழுதிக்கொண்டிருந்ததுதான் என் முதல் திரைக்கதை.

அதைப் பாபநாசத்துக்கும் மன்னார்குடிக்கும் இடைப்பட்ட ஒரு கிராமத்தில் படமாக்கினேன். அதன்பிறகு என்னைப் போலவே துணை வேடங்களில் நடிக்கும் தோழிகள் சிலர் கூப்பிட்டு, எங்கிருந்து தொடங்குவது என்று கேட்கிறார்கள். போனில் அரைகுறையாகச் சொன்னதையெல்லாம் இங்கே வரிசைப்படுத்துகிறேன். டெல்டாவில் எடுக்க நினைப்பவர்களுக்கு நடுப்பகுதி கூடுதலாகப் பயன்படும்.

தொடங்குமுன் ஒன்று. நடிகை இயக்குநராவதைப் புதுமை என்று யாராவது வியந்தால் திருவையாற்றைக் காட்டுங்கள். அங்கே பிறந்த டி. பி. ராஜலட்சுமி 1931இல் முதல் தமிழ்ப் பேசும்படத்தின் நாயகி. 1936இல் தான் எழுதிய நாவலையே ‘மிஸ் கமலா’ என்ற படமாக்கி, தானே இயக்கி, தானே நடித்தார். தமிழ் சினிமா பேசத் தொடங்கி ஐந்தே ஆண்டுகளில் ஒரு பெண் இயக்குநர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். பானுமதி 1953இல் இயக்கினார், சாவித்திரி 1969இல் தமிழில் இயக்கினார், சுகாசினி 1995இல், ரேவதி 2002இல். லட்சுமி ராமகிருஷ்ணன் 2012இல் தொடங்கி சிறு முதலீட்டில் அடுத்தடுத்துப் படங்களை எழுதி இயக்கியிருக்கிறார். இந்த வரிசையில் நாம் கடைக்குட்டிகள், அவ்வளவுதான்.

முதல் படி: நடிப்பை விடாமல் நோட்டுப் போடுங்கள்

‘இனி நடிக்க மாட்டேன், இயக்கம்தான்’ என்று அறிவிக்க வேண்டாம். இரண்டு காரணங்கள். சம்பளம் ஒன்று. மற்றொன்று, உதவி இயக்குநராகச் சேர்ந்து பத்து ஆண்டுகள் கற்பதில் பாதியை நீங்கள் ஏற்கெனவே கண்ணால் பார்த்துவிட்டீர்கள். எழுதி வைக்கவில்லை, அவ்வளவே. அடுத்த படப்பிடிப்புக்குப் போகும்போது ஒரு சிறு நோட்டை எடுத்துச் செல்லுங்கள். முதல் ஷாட் எத்தனை மணிக்கு வைக்கப்பட்டது, ஏன் தாமதம், ஒரு காட்சிக்கு எத்தனை ஷாட், மாலை எத்தனை காட்சி பாக்கி. என் பழைய நோட்டில் ஒரு நாள் இப்படி இருக்கிறது: “யூனிட் வந்தது 6.30. முதல் ஷாட் 10.40. காரணம்: அப்பா வேடக்காரரின் வேட்டிக் கரை நேற்று எடுத்த காட்சியோடு ஒத்துப்போகவில்லை. கடைக்கு ஆள் போயிருக்கிறது.” நான்கு மணி நேரத்தை ஒரு வேட்டிக் கரை தின்றது. என் படத்தில் ஒவ்வொரு துணியும் இரண்டிரண்டாக இருந்தது அந்த ஒரு வரியால்தான்.

கூடவே இன்னொரு பட்டியல். உங்களுக்கு ஒரு காட்சியை விளக்கிய இயக்குநர்களில் யார் என்ன சொன்னபோது உடம்பு தானாக இளகியது, யார் என்ன சொன்னபோது விறைத்தது? ‘இன்னும் கொஞ்சம் சோகமாக’ என்று சொன்னவரால் எனக்கு ஒன்றும் நடக்கவில்லை. ‘அந்தத் தட்டைக் கழுவி முடிக்கும்வரை அவரைப் பார்க்காதீர்கள்’ என்று ஒருவர் சொன்னார், அழுதுவிட்டேன். நடிகைக்கு இருக்கும் உண்மையான மூலதனம் இந்த அறிவுதான். கேமரா, லென்ஸ் எல்லாவற்றையும் ஒளிப்பதிவாளர் சொல்லித் தருவார். இதை யாரும் சொல்லித் தர மாட்டார்கள்.

இரண்டாம் படி: வாயால் எழுதுங்கள்

முதலில் ஒன்லைன். காட்சிக்கு இரண்டு வரி வீதம் முழுக் கதையும் ஏழெட்டுப் பக்கத்தில். அது நிற்கும்வரை வசனத்துக்குப் போகாதீர்கள். என்னால் அடக்க முடியவில்லை. வசனத்திலிருந்து தொடங்கினேன், நடிகைகளுக்கு வரும் வியாதி அது. நல்ல வசனங்கள் நிறைந்த, எங்கும் போகாத 140 பக்கங்கள் கையில் இருந்தன. ஒரு பக்கம் ஏறக்குறைய ஒரு நிமிடம் என்பது பொதுக் கணக்கு. அதில் 90 பக்கம் நிற்க எனக்கு ஒன்றரை ஆண்டு ஆனது.

எழுதியதை உரக்கப் படியுங்கள். எல்லாப் பாத்திரங்களையும் நீங்களே பேசுங்கள். நாக்கு எங்கே இடறுகிறதோ அங்கே எழுத்து பொய் சொல்கிறது. டெல்டாக் கதை என்றால் இந்தச் சோதனை கட்டாயம். கோடம்பாக்கத்துக் கிராமத் தமிழ் என்று ஒன்று இருக்கிறது: பாதி மதுரை, கால் கோவை, மிச்சம் கற்பனை. தஞ்சாவூர்ப் பக்கத்துப் பேச்சில் அந்த முரட்டுத்தனம் கிடையாது. கோபத்திலும் ‘வாங்க, போங்க’ வரும். மரியாதைக்குள் கத்தியைச் சொருகிப் பேசுவார்கள். மாமியார் மருமகளை ‘நீங்க’ என்று சொல்லத் தொடங்கினால் வீட்டில் பெரிய சண்டை என்று பொருள். என் கதையின் முக்கியமான திருப்பமே அந்த ஒரு சொல்தான்.

பிறர் கதையை எடுப்பதானால் உரிமையைப் பாருங்கள். எழுத்தாளர் மறைந்து 60 ஆண்டுகள் வரை பதிப்புரிமை வாரிசுகளிடம் இருக்கும். கும்பகோணத்துக்காரரான கு. ப. ராஜகோபாலன் 1944இல் மறைந்தார். அவர் கதைகளைப் படமாக்க யாரிடமும் கேட்க வேண்டியதில்லை. பெண் மனதை அவரளவுக்கு எழுதியவர்கள் குறைவு என்பதால் நடிகை ஒருத்தி அங்கிருந்து தொடங்குவது நல்ல யோசனையும்கூட. தி. ஜானகிராமன் 1982இல் மறைந்தவர். அவர் எழுத்துக்கு முறையான எழுத்து ஒப்பந்தம் வேண்டும். குடும்பத்தினர் சம்மதித்துவிட்டார்கள் என்று யாரோ சொல்லும் வாய்வார்த்தை போதாது.

சொந்தக் கதையானாலும் யாரிடமும் சொல்வதற்கு முன் பதிவு செய்யுங்கள். தென்னிந்தியத் திரைப்பட எழுத்தாளர் சங்கத்தில் உறுப்பினராகிப் பதியலாம். பதிப்புரிமை அலுவலகத்தில் இணையவழியிலும் பதியலாம், இலக்கியப் படைப்புக்குக் கட்டணம் 500 ரூபாய். தயாரிப்பாளர் ஒருவரிடம் முழுக் கதையையும் சொல்லிவிட்டு, ‘யோசித்துச் சொல்கிறோம்மா’ என்ற பதிலோடு திரும்பியிருக்கிறேன். அடுத்த ஆண்டு என் இரண்டாம் பாதி வேறொருவர் படத்தில் இருந்தது. பதிவு இல்லை, வாயை மூடிக்கொண்டேன்.

மூன்றாம் படி: மிகக் கடினமான காட்சியைக் குறும்படமாக எடுங்கள்

பலர் எளிதான காட்சியை எடுத்து ‘டீசர்’ என்று காட்டுகிறார்கள். அதனால் உங்களுக்கு ஒன்றும் தெரியவராது. உங்களால் முடியாது என்று பயப்படும் காட்சியை இரண்டு நாளில், 10 நிமிடத்தில் எடுங்கள். நான் எடுத்தது, இரு பெண்கள் ஒரு சொல் பேசாமல் நெல் அவிக்கும் காட்சி. படு மோசமாக வந்தது. ஏன் மோசம் என்று தெரிந்ததற்கு அந்தச் செலவு தகும்.

நான்காம் படி: பணம்

பணத்தைப் பற்றிச் சுருக்கமாகவும் கறாராகவும். வீட்டை அடகு வைக்காதீர்கள். சாவித்திரியின் சொந்தத் தயாரிப்பு 1971இல் அவரை எங்கே கொண்டுபோய் நிறுத்தியது என்பது ஊரறிந்த கதை. அவரைவிடப் பெரிய நட்சத்திரமா நாம்?

கணக்கை மொத்தத் தொகையிலிருந்து தொடங்காமல் நாளிலிருந்து தொடங்குங்கள். என் யூனிட் 24 பேர், 19 நாள். ஆக 456 ஆள்நாள். ஒரு ஆள்நாளுக்குச் சாப்பாடு, டீ, தங்குமிடம், பேட்டா சேர்த்து எவ்வளவு என்று மன்னார்குடி மெஸ்ஸிலும் லாட்ஜிலும் நேரில் விசாரித்தால் பட்ஜெட்டின் முதுகெலும்பு கிடைத்துவிடும். அதன்மேல் கேமரா வாடகை, ஒலிக்கருவி, வண்டி, ஜெனரேட்டர். படப்பிடிப்புக்குப் பிந்தைய வேலைக்கு மூன்றில் ஒரு பங்கைத் தனிக் கணக்கில் போட்டுப் பூட்டுங்கள். சுயாதீனப் படங்கள் பெரும்பாலும் சாவது எடிட்டிங் மேசைக்கும் ஒலிக்கலவைக்கும் நடுவில்தான்.

நண்பர்கள் சம்பளமில்லாமல் வந்தால், லாபம் வந்தால் எத்தனை சதவீதம் என்று ஒரு தாளில் எழுதிக் கையெழுத்திட்டுக் கொடுங்கள். நட்புக்காக வந்தவருக்கும் பேட்டா உண்டு. கணக்குக்கு ஒரு ஆடிட்டர் முதல் நாளே வேண்டும்.

ஐந்தாம் படி: கால்ஷீட்டுக்கு முன் தண்ணீரைக் கேளுங்கள்

இங்கே கொஞ்சம் நிற்கிறேன். நான் பட்ட அடி இதில்தான்.

டெல்டாவில் படத்தின் நிறத்தை முடிவு செய்வது ஒளிப்பதிவாளர் அல்ல, மேட்டூர். வழக்கப்படி ஜூன் 12இல் அணை திறப்பு. அங்கிருந்து 3, 4 நாட்களில் கல்லணை. அங்கே காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய் என்று பிரிந்து, கிளை ஆறுகளில் இறங்கி, கடைமடை வாய்க்காலுக்குப் போய்ச் சேர மேலும் பல நாள். ஆனால் ‘வழக்கப்படி’ என்ற சொல்லை நம்பிக் கால்ஷீட் வாங்காதீர்கள். 2022இல் மே 24ஆம் தேதியே திறந்தார்கள். 2024இல் அணையில் நீரில்லாமல் ஜூலை 28இல்தான் திறந்தார்கள்.

நான் கால்ஷீட் வாங்கியிருந்தது 2024 ஜூன் 17 முதல் 22 வரை.

கதையின் தொடக்கமே வறண்ட வாய்க்காலில் முதல் தண்ணீர் வருவது. பார்த்தவர்களுக்குத் தெரியும்: தண்ணீராக வராது, முதலில் ஒரு சலசலப்பாக வரும். சருகு, நுரை, காய்ந்த சாணம், ஒரு ஒற்றைச் செருப்பு, எல்லாவற்றையும் தள்ளிக்கொண்டு, ஆள் நடக்கும் வேகத்தில். வெடித்த மண் அதை உறிஞ்சும் சத்தம் கேட்கும். வெடிப்புக்குள் இருந்த பூச்சிகள் மேலேறி ஓடும். அவற்றைக் கொத்த மைனாக்கள் தண்ணீரின் முன்னால் நடந்து வரும். இதை ஆண்டுக்கு ஒரே ஒரு முறைதான் எடுக்க முடியும். இன்னொரு டேக் கிடையாது.

ஜூனில் வாய்க்கால் காய்ந்து கிடந்தது. ஆறு நாளில் உள்ளறைக் காட்சிகளை மட்டும் எடுத்துவிட்டு ஊர் திரும்பினோம். ஆகஸ்ட் முதல் வாரம் நள்ளிரவில் மதகுக்காரர் போன் செய்தார். அரசுக் கணக்கில் அவருக்குப் பெயர் லஸ்கர். தண்ணீர் வந்துகொண்டிருக்கிறது என்றார். சென்னையிலிருந்து காரை விரட்டிக்கொண்டு போய்ச் சேர்ந்தபோது காலை ஒன்பது. வாய்க்கால் நிறைந்து அமைதியாக ஓடிக்கொண்டிருந்தது. முறை வைத்துத் தண்ணீர் விடும் முறைப்பாசனம் என்பதால் மறுநாள் லஸ்கர் மதகின் ஷட்டரை மூடினார். எதையாவது எடுத்துக்கொண்டு போவோமே என்று சக்கரத்தைச் சுற்றும் அவர் கைகளை மட்டும் எடுத்தோம்.

ஆகவே, செய்ய வேண்டியவை: கதைக்குத் தண்ணீரின் வருகை வேண்டுமென்றால் ஒளிப்பதிவாளரும் ஒரு உதவியாளரும் உள்ளூரிலேயே பத்து நாள் காத்திருக்கும்படி ஏற்பாடு செய்யுங்கள், நடிகர்கள் இல்லாத ஷாட்டாக அதை எழுதுங்கள். லஸ்கரின் நம்பிக்கையைப் பெறுங்கள். எந்த அதிகாரியைவிடவும் அவருக்குத்தான் உங்கள் வாய்க்காலுக்கு எந்த நாளில் தண்ணீர் என்று தெரியும்.

வயலுக்கும் கடிகாரம் உண்டு. நட்ட வயல் முதல் வாரம் மஞ்சளித்துக் கிடக்கும். பிறகு பச்சை பிடிக்கும். முதல் நாள் எடுத்த வயலைப் பன்னிரண்டாம் நாள் எடுத்தால் வேறு வயல். ஒரே வயலில் நடக்கும் காட்சிகளையெல்லாம் அடுத்தடுத்த நாட்களில் முடியுங்கள். வடகிழக்குப் பருவமழை அக்டோபரிலிருந்து டிசம்பர் வரை. 2018 நவம்பர் 16 அதிகாலை கஜா வேதாரண்யம் பக்கம் கரையேறியதை இங்கே யாரும் மறக்கவில்லை. அந்த மாதங்களில் வெளிப்புறக் காட்சி வைப்பவர் துணிச்சல்காரர் அல்ல, கணக்குத் தெரியாதவர். சம்பா அறுவடை நடக்கும் தை, மாசி வெளிச்சம் தங்கம். என் மீதி 13 நாட்களை 2025 ஜனவரி கடைசியில் வைத்தேன்.

இன்னொரு சிறு விஷயம், எந்தப் பாடத்திலும் கண்டதில்லை: பச்சை வயலுக்கு நடுவே நண்பகலில் நிற்பவர் முகத்தில் வயலின் பச்சை ஏறும். கழுத்துக்கடியிலும் கண்ணுக்கடியிலும் நோயாளி போலத் தெரியும். நான் நடிகை என்பதால் கண்ணாடியில் பார்த்துக் கண்டுபிடித்தேன். பிரேமுக்குக் கீழே ஒரு வெள்ளை வேட்டியை விரித்தால் சரியாகிவிடும்.

ஆறாம் படி: இடமும் அனுமதியும்

பெரிய கோவிலில் எடுக்க ஆசைப்படுவீர்கள். தஞ்சை, தாராசுரம், கங்கைகொண்ட சோழபுரம் மூன்றும் இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளவை. அவர்களிடம் விண்ணப்பித்து, கட்டணம் கட்டி, நிபந்தனைகளுக்கு உட்பட்டுத்தான் எடுக்க முடியும். மற்றக் கோவில்களுக்கு அறநிலையத் துறை, அணைக்கட்டு, மதகுகளுக்கு நீர்வளத் துறை, ரயில் நிலையத்துக்கு ரயில்வே. என் அபிப்பிராயம்: சிறு படத்துக்கு இவை எதுவும் வேண்டாம். கோபுரத்தைக் காட்டினால்தான் தஞ்சாவூர் என்று தெரியும் என்றால் கதையில் ஊர் இல்லை என்று அர்த்தம். திண்ணையும் முற்றமும் உள்ள பூட்டிய வீடுகள் ஊருக்கு நான்கு இருக்கின்றன. சொந்தக்காரர்கள் சென்னையிலோ சிங்கப்பூரிலோ இருப்பார்கள். அவர்களிடம் எழுத்தில் சம்மதம் வாங்கிக்கொண்டு, ஊராட்சி அலுவலகத்திலும் காவல் நிலையத்திலும் முன்கூட்டியே கடிதம் கொடுத்துவிடுங்கள்.

சிறு படக்காரர்கள் சறுக்கும் இரண்டு இடங்கள்: மாடும் குழந்தையும்.

கதாநாயகி பால் கறக்கிறாள் என்று ஒரு வரி எழுதிவிட்டால், அந்தப் பசு நடிக்கும் விலங்கு. இந்திய விலங்குகள் நல வாரியத்திடம் முன் அனுமதியும், முடிந்தபின் தடையில்லாச் சான்றும் வேண்டும். இல்லையேல் படம் தணிக்கையில் நிற்கும். அதற்கு ஆகும் நாட்களைக் கணக்கிட்டுப் பாருங்கள். பல காட்சிகளில் மாடு தானாகவே மறைந்துவிடும். என் திரைக்கதையில் இரண்டு மாடு, ஒரு வாத்துக் கூட்டம் இருந்தது. படத்தில் ஒரு மாடு இருக்கிறது.

குழந்தை நடித்தால் மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும். நாளுக்கு 5 மணி நேரத்துக்கு மேல் கூடாது, இடைவேளையின்றித் தொடர்ந்து 3 மணிக்கு மேல் கூடாது, தொடர்ச்சியாக 27 நாளைத் தாண்டக் கூடாது. சம்பளத்தில் குறைந்தது 20 சதவீதம் அக்குழந்தையின் பெயரில் வைப்புத்தொகையாகப் போக வேண்டும். குழந்தை நட்சத்திரமாக இருந்தவர்கள் நம்மில் பலர் உண்டே. இந்தச் சட்டத்தைச் சுமையாக நினைக்க நமக்கு மனம் வராது.

ஏழாம் படி: யூனிட், பிறகு தளம்

பெண் இயக்குநர் என்றதும் சில ஆண்களுக்கு ஒளிப்பதிவாளரிடம் கேட்டுத்தான் எதையும் செய்யத் தோன்றும். முதல் நாள் காலையே இதை நேர்செய்ய வேண்டும். கத்த வேண்டியதில்லை. என் ஒளிப்பதிவாளரிடம் முன்பே சொல்லி வைத்திருந்தேன்: உங்களிடம் யார் எது கேட்டாலும் ‘அக்காவைக் கேளுங்கள்’ என்று மட்டும் சொல்லுங்கள். மதியச் சாப்பாட்டுக்குள் பழகிவிட்டது.

10 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் இடத்தில் பாலியல் துன்புறுத்தல் புகார்களுக்கு உள்ளகக் குழு இருக்க வேண்டும் என்பது 2013ஆம் ஆண்டுச் சட்டம். தலைவர் பெண், உறுப்பினர்களில் குறைந்தது பாதிப்பேர் பெண்கள், வெளியிலிருந்து ஒருவர். படப்பிடிப்பும் பணியிடம்தான். இதைவிட முன்னதாக யோசிக்க வேண்டியது கழிப்பறை. வயல்வெளியில் 13 நாள் எடுக்கிறோம். யூனிட்டில் ஒன்பது பெண்கள். பக்கத்து வீட்டை ‘மேக்கப் அறை’ என்று வாடகைக்கு எடுத்தேன். உண்மையில் எடுத்தது அதன் கழிப்பறையை. பல படங்களில் மாலைவரை தண்ணீர் குடிக்காமல் நின்றவள் நான்.

ஒலி. படப்பிடிப்பிலேயே குரலைப் பதியும் சிங்க் சவுண்டா, டப்பிங்கா? நடிகர்கள் உள்ளூர்க்காரர்கள் என்றால் சிங்க் சவுண்ட்தான். வயலில் பேசியவரை இருட்டறையில் மைக் முன் நிறுத்தி அதே வரியைச் சொல்லச் சொன்னால் பள்ளிக்கூடத்தில் ஒப்பிப்பதுபோலச் சொல்வார். அதற்காக ஊரின் சத்தத்தை முன்கூட்டியே படியுங்கள். அதிகாலைக் கோவில் ஒலிபெருக்கி, மோட்டார் கொட்டகை, தை மாதத்தில் அறுவடை இயந்திரம், நெல் மூட்டை ஏற்றிய லாரி, இப்போது எங்கு பார்த்தாலும் மயில். நான் இரண்டு நாள் வெறும் நோட்டோடு திண்ணையில் உட்கார்ந்து, எந்த மணிக்கு எது சத்தம் போடுகிறது என்று எழுதினேன். பிற்பகல் இரண்டிலிருந்து நான்கு வரை ஊர் தூங்கியது. வசனக் காட்சிகளில் பாதி அந்த நேரத்தில் எடுத்தவை. ஒவ்வோர் இடத்திலும் எல்லோரும் வாயை மூடி நிற்க, ஒரு நிமிடம் வெறும் சூழல் ஒலியைப் பதிவு செய்ய மறவாதீர்கள்.

நீங்களே நடிக்கலாமா? ராஜலட்சுமி நடித்தார், இயக்கினார், எழுதினார். அவர் நாடக மேடையில் வளர்ந்தவர். முதல் படத்தில் நாயகி வேடம் வேண்டாம் என்பேன். சிறு வேடமானால், உங்கள் ஷாட்டில் ‘போதாது, இன்னொன்று’ என்று உங்களைப் பார்த்துச் சொல்லும் துணிவுள்ள ஒருவரை இணை இயக்குநராக வைத்திருங்கள். நான் ஒரே காட்சியில் நடித்தேன். நன்றாக வந்ததாக மானிட்டரைப் பார்த்து நானே மகிழ்ந்தேன். என் இணை இயக்குநர் போதாது என்று தலையை ஆட்டினாள். ஏழு டேக் போனது.

ஊர்க்காரர்களை நடிக்க வைக்கும்போது வசனத்தை மனப்பாடம் செய்யச் சொல்லாதீர்கள். பின்னாலிருந்து எடுத்துச் சொல்லவும் வேண்டாம். கைக்கு ஒரு வேலை கொடுங்கள். மாமியாராக நடித்தவர் நாற்பது ஆண்டுகள் நடவு நட்டவர். கேமராவைப் பார்த்ததும் கைகள் என்ன செய்வதென்று தெரியாமல் முந்தானையைத் திருகின. ஒரு முறம் புளியைக் கொடுத்து, கொட்டை எடுத்துக்கொண்டே பேசச் சொன்னேன். ‘நீங்க’ என்ற அந்தச் சொல்லைத் தலை நிமிராமல், ஒரு கொட்டையைத் தட்டில் போட்டுவிட்டுச் சொன்னார். எழுதியபோது எனக்குத் தோன்றாத இடைவெளி அது. ஒரே டேக்.

நடவு, அறுவடை நாட்களில் ஆட்களை இழுக்காதீர்கள். மற்ற நாட்களில் வயல் கூலியைவிடக் கூடுதலாக, அன்று மாலையே கையில் கொடுங்கள்.

தரவு பற்றி ஒரு சொல். விநாடிக்கு 400 மெகாபிட் வேகத்தில் எடுத்தால் ஒரு மணி நேரக் காட்சிக்கு ஏறக்குறைய 180 ஜிபி ஆகும். நாளுக்கு இரண்டு மணி நேரம் எடுத்தாலும் 19 நாளில் 7 டிபி நெருங்கும். மூன்று பிரதி, ஒன்று வேறு ஊரில். பிரதி எடுத்து முடிக்கும்வரை மெமரி கார்டை அழிக்கக் கூடாது என்ற விதிக்குப் படப்பிடிப்பு முடிந்து பூசணிக்காய் உடைக்கும் நாளிலும் விலக்குக் கிடையாது.

எட்டாம் படி: எடிட்டிங்கிலிருந்து சான்றிதழ் வரை

நடிகைகளுக்கு எடிட்டிங்கில் ஒரு பலவீனம்: நல்ல நடிப்பை வெட்ட மனம் வராது. என் எடிட்டர் மூன்று வாரம் என்னை அறைக்குள் விடவில்லை. நன்றி.

புகைபிடிக்கும் காட்சி இருந்தால் எச்சரிக்கை வாசகமும் புகையிலை எதிர்ப்புப் படத்துண்டும் கட்டாயம். பீடி இல்லாமலும் ஒரு மாமனார் இருக்க முடியும். படத்தின் பெயரைப் பதிவு செய்யத் தயாரிப்பாளர் அமைப்பொன்றில் உறுப்பினராக வேண்டியிருக்கும். அதைக் கடைசி மாதத்துக்குத் தள்ளாதீர்கள். தணிக்கைக்கு இணையவழியே விண்ணப்பம். 2023ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பிறகு யு/ஏ சான்று 7, 13, 16 என்று வயதுவாரியாகப் பிரிந்திருக்கிறது. சான்று 10 ஆண்டில் காலாவதியாவதும் போய்விட்டது.

விழாக்களுக்கு அனுப்புவதானால் படத்தை இணையத்தில் எங்கும் ஏற்றாதீர்கள். முதல் காட்சி தங்கள் விழாவில்தான் என்று பல விழாக்கள் கேட்கும். படம் முடியாத நிலையிலேயே காட்ட விரும்பினால், கோவாவில் நவம்பரில் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம் நடத்தும் வேவ்ஸ் ஃபிலிம் பஜாரில் முடிவடையாத படங்களுக்கான பட்டறை இருக்கிறது. 2021இல் ரோட்டர்டாம் திரைப்பட விழாவின் டைகர் விருது ஒரு தமிழ்ப் படத்துக்குத்தான் போனது. அதுவும் வறண்ட ஊரில் ஓர் அப்பனும் மகனும் நடக்கும் கதைதான். ஆங்கில சப்டைட்டிலைக் கடைசி நேரத்தில் யாரிடமாவது தள்ளாதீர்கள். ‘நீ’யும் ‘நீங்க’ளும் ஆங்கிலத்தில் ஒன்றே. என் படத்தின் திருப்பமே அதில் இருந்ததால் அந்த ஒரு வரிக்கு நான்கு நாள் யோசித்தோம். கடைசியில், அந்த இடத்துக்கு முன்புவரை அவர் மருமகளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதாகவும், அந்த வரியிலிருந்து பெயரே வராததாகவும் எழுதினோம்.

ஒன்பதாம் படி: ஊரில் போட்டுக் காட்டுங்கள்

இதை எட்டாம் படியின் நடுவிலேயே, எடிட்டிங் முடிந்ததும் செய்ய வேண்டும். நான் கடைசியில் கற்றுக்கொண்டதால் கடைசியில் வைத்திருக்கிறேன். ஒலிக்கலவைக்கும் இறுதிப் பிரதிக்கும் போவதற்கு முன், எந்த ஊரில் எடுத்தீர்களோ அந்த ஊரில் திரையிடுங்கள். 2025 மே மாதம் ஒரு சனிக்கிழமை இரவு, கல்யாண மண்டபத்தில், வாடகை புரொஜெக்டரில் போட்டேன். மாமியாராக நடித்தவர் தன்னைப் பார்த்து முகத்தை மூடிக்கொண்டார். பேரப்பிள்ளைகள் விசிலடித்தார்கள். எந்த இடத்தில் சிரிப்பு வருகிறது, எங்கே எழுந்து வெளியே போகிறார்கள் என்று எடிட்டர் பின்வரிசையில் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருந்தார்.

முடிந்ததும் லஸ்கர் வந்தார். படம் நன்றாக இருக்கிறதம்மா என்றார். கொஞ்சம் தயங்கி, தொடக்கத்தில் தண்ணீர் வருகிற இடத்தில் ஷட்டரை மூடுகிறேனே, ஏன் என்றார்.

மூடியபோது எடுத்த அந்தக் கைகளைத்தான் திறக்கும் இடத்தில் வைத்திருந்தோம். எடிட்டருக்குத் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை. அங்கே உட்கார்ந்திருந்த நூற்றுச்சொச்சம் பேருக்குச் சக்கரம் எந்தப் பக்கம் சுற்றுகிறது என்று தெரிந்திருந்தது. மரியாதைக்காக ஒருவரும் சொல்லவில்லை. அந்த ஷாட்டைப் பின்னோக்கி ஓட்டிப் பார்த்தோம். பின்னால் விழுந்த இலை மேலே பறந்தது.

அந்த ஆண்டு மேட்டூரை ஜூன் 12இலேயே திறந்தார்கள். இம்முறை லஸ்கரின் வீட்டுத் திண்ணையிலேயே நானும் ஒளிப்பதிவாளரும் காத்திருந்தோம். ஆறாவது நாள் விடியற்காலை அவர் எழுப்பினார். முதலில் கைகள், பிறகு சருகும் நுரையும், அதன் முன்னால் நடந்து வந்த இரண்டு மைனாக்கள். மொத்தம் 40 விநாடி.